கடவை அடைத்த தகரம்

காரைத்தோட்டம், தாராபுரம் வழி
1-9-2025

தங்கச்சி தெய்வாத்தாளுக்கு,

இதை எழுதுவது உன் அண்ணன் அப்புசாமி. நானே எழுதுகிறேன். யாரும் என் கையைப் பிடிக்கவில்லை. வெள்ளிக்கிழமை ஆரம்பித்தேன். இன்று திங்கள். இதோ, இதுவரைக்கும் வந்துவிட்டேன்.

எங்கள் பஞ்சாயத்துப் பள்ளிக்கூடத்தில் தை மாதம் பெரியவர்களுக்குச் சாயங்கால வகுப்பு தொடங்கினார்கள். வரலட்சுமி டீச்சர் நடத்துகிறார். பதினோரு பேர் சேர்ந்தோம். எழுபத்திரண்டு வயதில் நான்தான் மூத்தவன். இப்போது பஸ்ஸில் எழுதியிருக்கும் ஊரை நானே படித்து ஏறுகிறேன். உரமூட்டையைப் படிக்கிறேன். போன வாரம் ஒரு மிக்சர் பொட்டலத்தை முன்னும் பின்னும் படித்துவிட்டுத்தான் பிரித்தேன். என் வீட்டுக்காரி, உன் நங்கை மாரியாத்தாள், "ஏனுங்க, அது திங்கறதுக்குக் குடுத்ததுங்க" என்றாள்.

ஆடி பதினொன்றில் அடித்த சூறைக்குப் பிறகு நீ என் போனை எடுப்பதில்லை. மாரியாத்தாள் கூப்பிட்டாலும், "அண்ணங்கிட்ட நான் பேசமாட்டனுங்க" என்று வைத்துவிடுகிறாய். அதனால்தான் கடிதம்.

உன் தோப்பில் இருபத்தேழு தென்னை சாய்ந்ததாகக் கேள்விப்பட்டேன். மாப்பிள்ளை கதிரேசனுக்கு மணிக்கட்டு முறிந்தது என்றும் சொன்னார்கள். நான் வந்து பார்த்திருக்க வேண்டும். கட்டுத்தரையில் விட்டுவிட்டு வர முடியாத ஒரு வேலை.

சுழலிகளைப் பற்றிக் கொஞ்சம் எழுதுகிறேன். உனக்குத் தெரிந்ததுதான். ஆனால் தெரிந்ததை எழுதிப் பார்ப்பதில் ஒரு ருசி இருக்கிறது. ஆனி கடைசியில் அவை ஆனைமலையிலிருந்து இறங்கி வரும். சிறியது ஆட்டுக்குட்டி அளவு இருக்கும், பெரியது எருமை அளவு. கண்ணுக்குத் தெரியாது. புழுதி படிந்தால் முதுகும் கொம்பும் தெரியும். புல்லைத் தொடாது, மண்ணில் இருக்கிற சூட்டைத்தான் மேயும். காலையில் நம் கொறங்காட்டு மேய்ச்சலுக்குள் நுழைந்து, பொழுது சாய்ந்ததும் வந்த வழியே ஆற்றங்கரைக்குப் போய்ப் படுத்துக்கொள்ளும். புரட்டாசியில் மலைக்குத் திரும்பிவிடும். அதற்காகத்தான் நம் கிளுவை வேலியில் மேற்கே ஒரு கடவு விட்டிருக்கிறோம். ஆடி பிறந்தால் அந்தக் கடவில் முள் போடமாட்டோம், படல் சாத்தமாட்டோம். ஒரு சொம்பு மஞ்சள் தண்ணீர் தெளித்துவிட்டு ஒதுங்கிக்கொள்வோம். அவ்வளவு சாதுவான காற்று ஜீவன்கள். மிரண்டால்தான் சூறை.

இந்த வருடம் மட்டும் எப்படி அப்படி ஆனதோ, தெரியவில்லை.

இப்படிக்கு,
அப்புசாமி


வேலாந்தோப்பு, உடுமலைப்பேட்டை வழி
6-9-2025

அண்ணனுக்கு,

பேசமாட்டேன் என்றுதான் சொன்னேன். படிக்கமாட்டேன் என்று சொல்லவில்லை.

தபால்காரர் உறையை நீட்டி, "ஏதோ கொழந்தை எழுதுன மாதர இருக்குதுங்க அம்மணி" என்றார். "எழுவத்திரண்டு வயசுக் கொழந்தைங்க" என்றேன். எழுத்து ஒவ்வொன்றும் தீவனம் தின்ற எருமை மாதிரி குண்டாக இருக்கிறது. ஆனால் எதுவும் கோட்டை விட்டு இறங்கவில்லை. அதைச் சொல்லத்தான் வேண்டும்.

மற்றதையும் சொல்லத்தான் வேண்டும். சூறை அடித்து நாற்பத்தொரு நாள் ஆகிறது. சம்பந்தி வீட்டார் வந்தார்கள். பொள்ளாச்சியிலிருந்து என் பள்ளிக்கூடத்துச் சினேகிதி வந்தாள். பெயர் தெரியாதவர்கள் அரிசி கொண்டுவந்து கொடுத்துவிட்டுப் போனார்கள். இரண்டு பஸ் மாறினால் வந்துவிடக்கூடிய என் கூடப் பிறந்தவர் வரவில்லை. உங்கள் மாப்பிள்ளை கட்டுப் போட்ட கையோடு தினமும் நீங்கள் வருகிற தடத்தைப் பார்த்தார். நான் பார்ப்பதை மூன்றாம் நாளே விட்டுவிட்டேன்.

பக்கத்துத் தோட்டத்து நஞ்சுண்டனின் கோழிக் கொட்டகைக் கூரை முழுசாகப் பறந்துவிட்டது. கோழிகளை மூன்று நாள் மரத்து மரமாக ஏறிப் பிடித்தார். "எவனோ கடவை அடைச்சுப்போட்டானுங்க அக்கா. இல்லாட்டி அதுக இப்படி மெரளாதுங்க. ஆளு மட்டும் ஆப்படட்டும்" என்று இன்னும் சொல்லிக்கொண்டிருக்கிறார்.

எப்படி அப்படி ஆனதோ, தெரியவில்லை என்று எழுதியிருக்கிறீர்கள். அந்த ஒரு வரியை மட்டும் இன்னொரு தடவை எழுதிப் பாருங்கள்.

மற்றபடி சொல்ல ஒன்றுமில்லை. வீட்டில் எதுவும் சூடாகத் தங்குவதில்லை. ரசத்தை இறக்கி வைத்துத் திரும்புவதற்குள் ஆறிப்போகிறது. கிணற்றடியில் ஒரு தென்னை மட்டும் காற்றே இல்லாதபோதும் ஆடிக்கொண்டிருக்கிறது. எல்லாம் அந்தச் சூறையோடு வந்த தொல்லை என்று விட்டுவிட்டேன்.

தெய்வாத்தாள்


காரைத்தோட்டம்
12-9-2025

தங்கச்சி தெய்வாத்தாளுக்கு,

நீ சொன்ன வரியை எழுத உட்கார்ந்தேன். இரண்டு நாளாகக் கை வரவில்லை. வாயால் சொன்ன பொய் சொன்னதும் போய்விடுகிறது. எழுதியது அங்கேயே உட்கார்ந்து என்னைப் பார்க்கிறது. அதனால் உள்ளதை எழுதுகிறேன்.

கடவை அடைத்தது நான்தான்.

எழுதக் கற்றதும் எனக்கு ஒரு ஆசை வந்தது. தோட்டத்துக்கு என் கையாலேயே ஒரு பெயர்ப் பலகை. கொட்டகையில் கிடந்த தகரத்தை எடுத்து நீலப் பெயிண்டால் எழுதினேன். என் பெயரிலேயே ஒரு தகரம் நிறைந்துவிட்டது. இன்னும் கொஞ்சம் எழுத வேண்டியிருந்தது. இன்னொரு தகரத்தைச் சேர்த்து ஆணி அடித்தேன். மாரியாத்தாள் பார்த்துவிட்டு, "ஏனுங்க, இது பேருக்குங்களா, பந்தலுக்குங்களா?" என்றாள்.

ரோடு மேற்கே இருக்கிறது. ரோட்டில் போகிறவர்கள் படிக்க வேண்டும் அல்லவா? சுழலிகள் உள்ளே மேய்ந்துகொண்டிருந்த மத்தியான நேரத்தில், கடவின் இரண்டு பக்கக் கல்லை ஒட்டியும் மூங்கில் கொம்பு நட்டுத் தகரத்தை உயரக் கட்டினேன். பிறகு ரோட்டோரம் வேப்பமரத்தடியில் கட்டிலைப் போட்டு உட்கார்ந்து படித்தேன். அண்ணாந்து படித்ததில் கழுத்து வலித்தது. கண்ணுக்கு நேராக இருக்கட்டும் என்று இறக்கிக் கட்டினேன். பொழுது சாயும் வரை படித்தேன், தெய்வா. காப்பி குடிக்கக்கூட எழுந்திருக்கவில்லை. ஒரு தகரமாக இருந்திருந்தால் பாதிக் கடவு திறந்திருக்கும். இரண்டு தகரம் முழுசாக மூடிவிட்டது.

சாயங்காலம் அவை கடவுக்கு வந்தன. புழுதி படிந்த முதுகுகள் நாற்பது, ஐம்பது இருக்கும். தகரத்தை மோந்து பார்த்தன. அவையும் என் பெயரைப் படிக்கின்றன என்று நினைத்துச் சிரித்தேன். சுழலிக்கு வேலியைத் தாண்டத் தெரியாது. திரும்பி வேலியோரமாக ஒரு சுற்று வந்து பார்த்தன. கடவு அடைத்தபடியே இருந்தது. இரண்டாவது சுற்றில் புழுதி எழுந்தது. ஐந்தாவது சுற்றில் கிளுவை வேரோடு வந்தது. அவிழ்க்க ஓடினேன். கை எட்டும் முன் தகரம் போய்விட்டது. என்னைத் தூக்கிக் கட்டிலின் மேலேயே போட்டுவிட்டு, எல்லாமாகச் சேர்ந்து மலை இருக்கிற திசையில் ஓடின. வழியில்தான் உன் தோப்பு இருக்கிறது.

மறுநாள் காலையில் மாட்டுத் தொட்டிக்குப் பின்னால் ஒரு குட்டி கிடந்தது. பின்னங்காலில் ஒரு கால் ஊன்றவில்லை. அரிசி மாவைத் தூவிப் பார்த்துக் காலைக் கண்டுபிடித்து மூங்கில் பத்தை வைத்துக் கட்டினேன். கட்டுத்தரை வேலை என்று நான் எழுதியது இதைத்தான். இப்போது நொண்டாமல் நடக்கிறது. என் டீயின் சூட்டைத் தின்றுவிடுகிறது. ஆறு வாரமாக நான் ஆறிய டீதான் குடிக்கிறேன்.

குட்டி ஒரு சாக்கு என்பதும் எனக்குத் தெரியும். நான் வந்திருந்தால் மாரியாத்தாள் அதைப் பார்த்துக்கொண்டிருப்பாள். உன் முகத்தைப் பார்க்கப் பயந்துதான் வரவில்லை.

உன் ரசம் ஆறிப்போவதைப் படித்ததும் எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. கிணற்றடித் தென்னையில் நிற்பது இதன் தாய். குட்டியைத் தேடி அங்கே நின்றுவிட்டது. ஐப்பசி பிறந்தால் கிழக்கே இருந்து மழைக்காற்று வரும். அதற்குள் தாயும் குட்டியும் மலையேற வேண்டும். இல்லாவிட்டால் அது எதிர்க்காற்றில் மாட்டிக்கொண்டு மறுபடியும் மிரளும். உன் தோப்பில் மிச்சம் இருக்கிற மரமும் போய்விடும்.

குட்டியைக் கொண்டு வரட்டுமா? நீ சரி என்றால் வருகிறேன்.

அப்புசாமி


வேலாந்தோப்பு
16-9-2025

அண்ணனுக்கு,

கடவை அடைத்தது நீங்கள் என்பது எனக்கு ஆடி பன்னிரண்டாம் தேதி காலையிலேயே தெரியும்.

விழுந்த மரங்களுக்கு நடுவே நின்று, மிச்சம் எத்தனை என்று எண்ணிக்கொண்டிருந்தேன். கிணற்றடித் தென்னையின் உச்சியில் ஒரு தகரம் சொருகி நின்றது. நீல எழுத்து. வெயில் பட்டதும் படித்தேன். "தெய்வாத்தாள் அண்ணன்" என்று எழுதியிருந்தது.

உங்கள் ஊரில் மூன்று அப்புசாமி. உங்களைத் தெய்வாத்தாள் அண்ணன் என்றுதான் கூப்பிடுவார்கள், எனக்குக் கல்யாணம் ஆகி இத்தனை வருடம் கழித்தும். அது எனக்குத் தெரியும். ஆனால் என் அண்ணனுக்கு எழுதத் தெரியும் என்பதே அந்த மரத்தைப் பார்த்துத்தான் தெரிந்துகொண்டேன். சந்தோஷப்படுவதா, அழுவதா என்று விளங்கவில்லை. இரண்டும் செய்தேன். உங்கள் மாப்பிள்ளை, கை வலியில் அழுகிறேனோ என்று பார்த்தார். கை முறிந்தது அவருக்கு.

தேங்காய் பறிக்கிறவரை வைத்து இறக்கி, சாக்கைச் சுற்றிக் கொட்டகைக்குள் வைத்தேன். நஞ்சுண்டன் "என்னங்க அக்கா அது?" என்றார். "எங்கூட்டுத் தகரம்" என்று சொல்லிவிட்டேன். பொய்யும் இல்லை.

இரண்டாவது தகரத்தில் என்ன எழுதினீர்கள் என்பதை மட்டும் உங்கள் கடிதத்தில் மறைத்துவிட்டீர்கள். "இன்னும் கொஞ்சம்" என்று எழுதியிருக்கிறீர்கள். என் பெயரைச் சேர்க்காமல் இருந்திருந்தால் பாதிக் கடவு திறந்திருக்கும் என்று எனக்குத் தெரியக்கூடாது என்று பார்த்தீர்கள். அந்த இடத்தில் கொஞ்ச நேரம் படிக்க முடியவில்லை.

ஆனாலும் என் கோபம் மரத்துக்காக இல்லை. மறுநாளே வந்து, "தெய்வா, தப்புப் பண்ணிப்போட்டேன்" என்று சொல்லியிருந்தால் அப்போதே காப்பி வைத்துக் கொடுத்திருப்பேன். நீங்களே சொல்வீர்கள் என்று காத்திருந்தேன். அதுதான் கோபம்.

புரட்டாசி இரண்டாவது சனிக்கிழமை குட்டியோடு வாருங்கள். நஞ்சுண்டனிடமும் மற்றவர்களிடமும் நீங்களே சொல்ல வேண்டும். நான் பக்கத்தில் நிற்பேன். ஆனால் ஒரு வார்த்தை பேசமாட்டேன். வீட்டுக்குள் கூப்பிடுவதா என்பதை வந்தபிறகு யோசிக்கிறேன்.

தெய்வாத்தாள்


காரைத்தோட்டம்
20-9-2025

தெய்வாத்தாளுக்கு,

வருகிற சனிக்கிழமை வாரேன். பத்து மணி பஸ்.

குட்டியைக் கோழி மூடுகிற பஞ்சாரத்துக்குள் வைத்துப் பழக்குகிறேன். மாரியாத்தாள் அதற்குக் கருப்பாயி என்று பெயர் வைத்துவிட்டாள். கண்ணுக்கே தெரியாததற்கு எப்படிக் கருப்பாயி என்றேன். "மோந்து பாத்தா கருப்பாத்தானுங்க இருக்குது" என்கிறாள்.

நஞ்சுண்டனிடம் சொல்ல வேண்டியதை ஒரு தாளில் எழுதி வைத்துக்கொண்டேன். நடுங்கினால் பார்த்துப் படித்துவிடலாம். அடிக்க அவர் கை நீளுமா?

அப்புசாமி


காரைத்தோட்டம்
1-10-2025

தங்கச்சிக்கு,

வீடு வந்து சேர்ந்தேன். நடந்ததை எழுதுகிறேன். பாதி நீயும் பார்த்ததுதான். இருந்தாலும் எழுதுகிறேன்.

பஸ்ஸில் எஞ்சின் பக்கத்துச் சீட்டில் உட்கார்ந்து பஞ்சாரத்தை மடியில் வைத்திருந்தேன். கண்டக்டர் வந்தார்.

"ஏனுங்க பெரியவரே, பஞ்சாரத்துல கோழிங்களா?"

"இல்லீங்க. கன்னுக்குட்டிங்க."

குனிந்து பார்த்தார். "ஒண்ணுமே இல்லீங்களே!"

"ஆமாங்க. கண்ணுக்குத் தெரியாதுங்க."

அவர் டிரைவரைப் பார்த்தார். டிரைவர், "அது கெடக்குது உடுங்க. தாராபுரம் தாண்டுனா கொதிக்கிற எஞ்சின், இன்னிக்கு மோருப்பானை மாதர குளுந்து கெடக்குது. பெரியவரு தெனமும் வரட்டும்" என்றார். பஞ்சாரத்துக்கு டிக்கெட் வாங்கவில்லை.

உன் தோட்டத்துக் களத்தில் எட்டுப் பேர் நின்றதைப் பார்த்ததும் எழுதி வைத்த தாளை எடுத்தேன். கை ஆடியதில் ஒரு எழுத்தும் நிற்கவில்லை. மடித்துப் பைக்குள் வைத்துவிட்டு வாயாலேயே சொன்னேன். நஞ்சுண்டன் ஒரு அடி முன்னால் வந்தார்.

"பேரு எழுதோணும்னு கடவை அடைச்சீங்களா?"

"ஆமாங்க."

"படிக்காதவன் செஞ்சிருந்தாப் பொறுத்துக்கலாமுங்க. படிச்சுப்போட்டு இதச் செஞ்சிருக்கறீங்களே!"

யாரோ சிரித்தார்கள். அது மாப்பிள்ளை கதிரேசன்தான். பிறகு நஞ்சுண்டனும் சிரித்துவிட்டார், விருப்பமில்லாமல். சிரித்ததோடு விடவில்லை. கொட்டகைக் கூரை வேய நான் பத்து நாள் வரவேண்டும் என்றார். வருகிறேன் என்றேன். வேய்ந்து முடித்ததும் அவர் கோழிப் பண்ணைக்கு ஒரு பலகை எழுதித் தர வேண்டுமாம். "ஒரே தகரத்துல முடிச்சுப்போடோணுமுங்க" என்றார்.

அதற்கு அப்புறம் கிணற்றடி. பஞ்சாரத்தைத் தூக்கி, கொண்டுவந்த அரிசி மாவைத் தூவினேன். மாவு பூசிய கருப்பாயி நின்றது. அதுவரை ஆடிக்கொண்டிருந்த தென்னை சட்டென்று நின்றுவிட்டது. பிறகு தலையைத் தரைவரைக்கும் இறக்கியது. குட்டியின் மேலிருந்த மாவு கொஞ்சம் கொஞ்சமாகக் கலைந்து போயிற்று. முதுகில் இருந்தது முதலில் போயிற்று, காது கடைசியில் போயிற்று. நாக்கால் நக்கியது என்பதை நீதான் முதலில் புரிந்துகொண்டாய். உன் கை என் தோளைப் பிடித்தது. பேசத்தான் இல்லை.

தென்னை நிமிர்ந்தது. வாய்க்கால் மேல் ஒரு சுருக்கம் மேற்கே ஓடியது. பக்கத்தில் சின்னதாக இன்னொரு சுருக்கம், கொஞ்சம் பின்தங்கி. அவ்வளவுதான்.

நீ உள்ளே போய்க் காப்பி கொண்டுவந்தாய். இரண்டு மாதப் பழக்கத்தில் ஒரே மடக்காகக் குடித்தேன். நாக்கு வெந்துபோயிற்று. இன்னும் உப்பும் காரமும் தெரியவில்லை. அவ்வளவு நல்ல காப்பியை நான் குடித்ததில்லை.

அப்புசாமி


வேலாந்தோப்பு
6-10-2025

அண்ணனுக்கு,

ரசம் சுடுகிறது. உங்கள் மாப்பிள்ளை இப்போது அதற்கும் குறை சொல்கிறார். அவருக்குக் கட்டுப் பிரித்தாயிற்று. கை முன்போலவே நன்றாக நீட்டிக் கேட்கிறது.

சாய்ந்த மரங்கள் இருந்த இடத்தில் கன்று வைக்கக் குழி எடுத்திருக்கிறோம். இருபத்தேழும் வைக்கவில்லை. மேற்கே ஒரு வரிசை விட்டுவிட்டேன். அது கடவு. இந்தத் தோப்புக்கு இதுவரை கடவு இருந்ததில்லை. அடுத்த ஆடிக்குக் கருப்பாயி இந்தப் பக்கம் வந்தால் வழி தெரிய வேண்டும்.

நீங்கள் கூரை வேய வருகிற பத்து நாளும் சாப்பாடு இங்கேதான். உள்ளேயே உட்கார்ந்து சாப்பிடலாம். நங்கையையும் கூட்டி வாருங்கள்.

தகரத்தை எடுத்துப் போவீர்கள் என்று பார்த்தேன். மறந்துவிட்டீர்கள். இனித் தரமாட்டேன். வாசல் படலில் ஆணி அடித்து மாட்டிவிட்டேன். தபால்காரர் படித்துவிட்டு, "ஏனுங்க அம்மணி, ஊட்டுல இருக்கறது நீங்க. பலகையில உங்க அண்ணன் இருக்கறாரு" என்றார். "அவரு அங்க இருந்தாத்தான் எனக்குத் தெகிரியமுங்க" என்றேன்.

இன்னொன்று. பேசமாட்டேன் என்று சொன்னதைத் திரும்ப எடுத்துக்கொள்கிறேன். ஞாயிற்றுக்கிழமை காலை பத்து மணிக்குப் போன் பண்ணுங்கள். எடுக்கிறேன்.

தெய்வாத்தாள்


காரைத்தோட்டம்
13-10-2025

தங்கச்சி தெய்வாத்தாளுக்கு,

உன் கடிதம் வியாழக்கிழமை வந்தது. நாலு தடவை படித்தேன். ஐந்தாவது தடவை மாரியாத்தாளுக்குச் சத்தமாகப் படித்துக் காட்டினேன். கடைசி வரி வந்ததும், "ஞாயித்துக்கெழம பத்து மணிங்களா? நான் ஞாபகப்படுத்தறனுங்க" என்றாள்.

ஞாயிற்றுக்கிழமை பத்து மணிக்குப் போனைக் கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தேன். உன் பெயரைப் படித்தேன். அழுத்தப் போனேன். அழுத்தவில்லை.

கோபித்துக்கொள்ளாதே. நாம் இத்தனை நாள் போனில் என்ன பேசியிருக்கிறோம்? சாப்பிட்டாயா, மழை வந்ததா, சரி வைக்கிறேன். இந்த ஆறு வாரத்தில் உன்னிடம் சொன்னதை நான் எழுபத்திரண்டு வருடத்தில் சொன்னதில்லை. நீயும் சொன்னதில்லை. தென்னை மரத்தடியில் நீ அழுததையும் சிரித்ததையும் போனில் சொல்லியிருப்பாயா?

அதனால் ஒன்று கேட்கிறேன். தை மாதம் வரைக்கும் பேசாமலே இரு. நான் இப்போதுதான் எழுதக் கற்றிருக்கிறேன். கூரை வேய வரும்போது எதிரில் உட்கார்ந்து சோறு போடு, நான் சாப்பிடுகிறேன். சொல்ல வேண்டியதை ஊருக்குப் போய் எழுதுகிறேன்.

இங்கே வேலிக்குப் புதிதாக நட்ட கிளுவைப் போத்து துளிர்த்துவிட்டது. என் பெயர் எழுதிய தகரம் ஓடைக்குள் கிடைத்தது. அதை மாட்டுத் தொட்டிக்கு மூடியாக வைத்திருக்கிறேன். கடவில் எதுவும் இல்லை. யார் தோட்டம் என்று கேட்டால் ஊரில் சொல்வார்கள்.

இப்படிக்கு,
தெய்வாத்தாள் அண்ணன்